மூக்குச்சளிப் பழ உருண்டை

ஒரு விடுகதை. தீயைக் கண்ணால் பார்க்காத பலகாரம். பொறுத்தவன் வாயில் கரையும். பொறுக்காதவன் வாயைப் பூட்டும். அது என்ன?

விடை தெரிந்தவர்கள் பக்கத்தில் இருப்பவர்களுக்குச் சொல்லிவிடாதீர்கள். தெரியாதவர்கள் கதையைக் கேளுங்கள்.

மருதங்குளத்தின் கரையில் ஒரு கரடி இருந்தாள். சுற்றுவட்டாரக் குட்டிகள் எல்லாம் அவளைக் கரடிச் சித்தி என்று கூப்பிடும். காலையில் இரை தேடப் போகும் தாய்மார்கள் தங்கள் குட்டிகளை அவளிடம் விட்டுவிட்டுப் போவார்கள். மாலையில் வந்து கூட்டிப் போவார்கள். இடைப்பட்ட நேரம் சித்தியின் பாடு.

சும்மா இருக்கிற கை அடுத்தவன் வாலை இழுக்கும். இதைச் சித்தி பட்டுத் தெரிந்துகொண்டிருந்தாள். அதனால் குட்டிகளின் கைகளுக்கு எப்போதும் ஒரு வேலை வைத்திருப்பாள். எல்லா வேலைகளிலும் குட்டிகளுக்குப் பிடித்தது உருண்டை பிடிப்பது. அதற்கு அடுப்பு வேண்டாம், விறகு வேண்டாம், சுட்டுக்கொண்டு அழுகிற வம்பும் இல்லை. தினையை இடிக்க வேண்டும். எள்ளும் தேனும் சேர்த்துப் பிசைய வேண்டும். ஒட்டிக்கொள்வதற்கு நறுவிலிப் பழத்தை ஒரு பிதுக்குப் பிதுக்க வேண்டும். பிறகு உருட்டி, இலையில் வைத்து, நிழலில் காய விட வேண்டும்.

நறுவிலிப் பழம் தெரியும் அல்லவா? பிதுக்கினால் கொழகொழவென்று நூலாக இறங்கும். குட்டிகள் அதை மூக்குச்சளிப் பழம் என்பார்கள். அந்தப் பெயரைச் சொல்லும்போதெல்லாம் ஒருவர் மூக்கை ஒருவர் பார்த்துச் சிரிப்பார்கள்.

வேலையில் கடினமானது காய விடுவதுதான். ஏனென்றால் அந்த நேரத்தில் யாரும் எதுவும் செய்யக் கூடாது. பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். விரலால் தொட்டால் ஒட்டக் கூடாது, அப்போதுதான் தின்னலாம். மருத மரத்தின் நிழல் நீண்டு வெள்ளைப் பாறையைத் தொடும்போது உருண்டை சரியாகக் காய்ந்திருக்கும். இது சித்தியின் கணக்கு.

காய்ந்த பிறகும் உடனே தின்ன முடியாது. அதற்கு ஒரு காரணம் உண்டு.

முன்பு ஒரு தடவை உருண்டை பிடித்தபோது, ஒரு குட்டி மாவுக்குள் குன்றிமணியைப் பதித்துவிட்டான். சிவப்பும் கறுப்புமாக அழகாக இருக்கிறதே என்று செய்தான். குன்றிமணி நஞ்சு. நல்லவேளையாக, யாரும் கடிப்பதற்குள் குளத்துக் கொக்கு பார்த்துக் கத்திவிட்டது. அன்று பெரியவர்கள் கூடி ஒரு வழக்கத்தை ஏற்படுத்தினார்கள். குட்டிகள் செய்த பலகாரத்தை விருந்தாளி ஒருவர் முதலில் ருசி பார்க்க வேண்டும். அவர் குறை இல்லை என்று சொன்ன பிறகுதான் மற்றவர்கள் கை வைக்கலாம்.

ருசி பார்க்க யார் வருகிறீர்கள் என்று கேட்டபோது ஒருவரும் வரவில்லை. எல்லோருக்கும் குன்றிமணி நினைவில் இருந்தது. நரியார் மட்டும் எழுந்து நின்றார். பிள்ளைகளுக்காக உயிரைக் கொடுக்கவும் தயார் என்று சொல்லி, வால் நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

அன்று முதல் பிடித்தது சனியன்.

நரியார் ஓர் உருண்டையைத் தின்பார். எள் தூக்கலாக இருக்கிறது என்பார். இன்னொன்றைத் தின்பார். தேன் போதவில்லை என்பார். ஒன்றில் எள் அதிகம், ஒன்றில் தேன் குறைவு என்றால் எதை நம்புவது, மூன்றாவதைப் பார்த்தால்தான் தீர்ப்புச் சொல்ல முடியும் என்பார். எடுப்பதற்கு முன் மட்டும் மிகவும் மரியாதையாகக் கேட்பார், இன்னொன்று எடுத்துக்கொள்ளட்டுமா என்று. பெரியவரிடம் கூடாது என்று சொல்ல எந்தக் குட்டிக்கு வாய் வரும்? எல்லாரும் தலையைக் குனிந்துகொண்டு நிற்பார்கள்.

"வாய் திறக்கவில்லை என்றால் சம்மதம்" என்பார் நரியார். "இதுவும் நம் காட்டு வழக்கம்தான்."

குறை இல்லை என்ற வார்த்தை அவர் வாயிலிருந்து வந்ததே இல்லை. அது வருவதற்குள் இலை காலியாகிவிடும்.

மாம்பழக் காலத்தில் உருண்டை பிடித்தபோது பொடிச்சி என்ற முயல் குட்டி முதல் முறையாக வந்திருந்தாள். அந்த வருடம் பிறந்தவள். எல்லாரிலும் சிறியவள். நரியார் போன பிறகு அவள் இலையை நக்கிப் பார்த்தாள். இலையில் இலையின் ருசிதான் இருந்தது.

அன்றைக்கு அவள் அழவில்லை. ஆனால் ஒவ்வொரு நாளும் காலையில் வந்ததும் சித்தியின் மயிரைப் பிடித்து இழுத்து, உருண்டைக்கு என்ன ருசி என்று கேட்பாள். இனிக்கும் என்று சித்தி சொல்வாள். எப்படி இனிக்கும் என்று கேட்பாள். சித்திக்கு அது மறந்தே போயிருந்தது. அவளும் தின்று வெகுகாலம் ஆயிற்று.

மழை மேகம் கூடத் தொடங்கியது. பாறையிடுக்கில் இருந்த தேனீக்கள் கூட்டைவிட்டுக் கிளம்பிப் போய்விட்டன. கடைசி அடையில் இருந்த தேனைச் சித்தி ஒரு சுரைக்குடுக்கையில் பிழிந்து கொண்டுவந்தாள். இனி அடுத்த பூக்காலம் வரை தேன் கிடையாது.

"சித்தி, இன்றைக்கு நான் தின்பேனா?" என்று கேட்டாள் பொடிச்சி.

சித்தி குடுக்கையைப் பார்த்தாள். பொடிச்சியைப் பார்த்தாள்.

"தின்பாய்" என்றாள்.

சொல்லிவிட்டாளே தவிர, எப்படி என்று அவளுக்கே தெரியவில்லை. வழக்கத்தை மீற முடியாது. குன்றிமணியைப் பதித்தவன் இன்னும் அதே கூட்டத்தில்தான் இருந்தான். அவன் பெயர் குதியன். குரங்குக் குட்டி.

வேலை தொடங்கியது. பாறைக் குழியில் சித்தி தினையை இடித்தாள். குதியன் உமியை ஊதுகிறேன் என்று மாவையும் சேர்த்து ஊதினான். பக்கத்தில் நின்றவர்களெல்லாம் வெள்ளையாகிவிட்டார்கள். அணில் குட்டி கோடன் ஒரு பிடி எள்ளைக் கன்னத்தில் அடக்கிக்கொண்டு, தான் எதையும் எடுக்கவில்லை என்று சொல்ல முயன்றான். அவன் பேசப் பேச எள் உதிர்ந்தது. முள்ளம்பன்றிக் குட்டி கூரான், உருட்டி வைத்த உருண்டைகளின் பக்கத்தில் அவசரமாகத் திரும்பினான். பாதி உருண்டைகள் அவன் முதுகில் ஏறிக்கொண்டன. அவற்றை ஒவ்வொன்றாகப் பிடுங்கி மறுபடி உருட்ட வேண்டியதாயிற்று.

சித்தி கோபப்படவில்லை. குட்டிகளோடு செய்யும் பலகாரத்தில் பாதி தரைக்கும் கால்வாசி தலைமயிருக்கும் போகும் என்பது அவள் அறிந்ததுதான்.

இந்தக் கலவரத்தில் பொடிச்சியை ஒருவரும் கவனிக்கவில்லை. அவள் ஒரு மூலையில் உட்கார்ந்து தனக்கென்று ஓர் உருண்டை பிடித்துக்கொண்டிருந்தாள். பழத்தைப் பிதுக்குவது அவளுக்கு மிகவும் பிடித்துப்போயிற்று. ஒரு பழத்தைப் பிதுக்கினாள். நூலாக இறங்கியது. இன்னொன்றைப் பிதுக்கினாள். மீதியிருந்த பழங்கள் அத்தனையையும் பிதுக்கிவிட்டாள். மேலே கொஞ்சம் மாவைத் தடவி உருட்டினாள். உருண்டை பளபளவென்று, மற்றவற்றைப்போல இரண்டு மடங்கு பெரியதாக, விளாம்பழம் மாதிரி வந்தது.

சித்தி அதைத் தற்செயலாகத் தொட்டாள். விரல் வரவில்லை. இழுத்துப் பார்த்தாள். உருண்டையும் கூடவே வந்தது. குளத்துக்குப் போய்க் கழுவித்தான் விரலை மீட்டாள்.

"அழகாக இருக்கிறதா, சித்தி?" என்று கேட்டாள் பொடிச்சி.

"மிகவும் அழகாக இருக்கிறது" என்றாள் சித்தி. இது ஒரு வாரமானாலும் காயாது என்பதை எப்படிச் சொல்வது என்று யோசித்துக்கொண்டிருந்தாள்.

அப்போதுதான் புதர் விலகியது. நரியார் வந்தார்.

வழக்கமாக மரத்தின் நிழல் பாறையைத் தொட்ட பிறகுதான் அவர் வருவார். ஆனால் அந்த நேரத்தில் தாய் தகப்பன்களும் வந்துவிடுகிறார்கள். போன தடவை முள்ளம்பன்றியின் அப்பா முறைத்த முறைப்பில் நரியாருக்குக் கடைசி உருண்டை தொண்டையில் சிக்கிவிட்டது. கடைசித் தேன் என்ற செய்தியும் அவருக்கு எட்டியிருந்தது. கூட்டம் சேர்வதற்குள் காரியத்தை முடித்துவிடலாம் என்று முன்னதாகவே கிளம்பி வந்துவிட்டார்.

"என்ன தங்கச்சி, சுகமா?" என்று கேட்டபடி இலைக்கு எதிரே சப்பணம் போட்டு உட்கார்ந்தார்.

இன்னும் காயவில்லை, நிழல் பாறையைத் தொடட்டும் என்று சித்தி பணிவாகச் சொன்னாள். நரியார் கேட்கவில்லை. ஈரத்தில்தான் உண்மையான ருசி தெரியும் என்றார். ஒன்றை எடுத்து வாயில் போட்டார். பல்லில் லேசாக ஒட்டியது. நாக்கால் நெம்பித் தள்ளிவிட்டு, எள் தூக்கல் என்றார். அடுத்ததைப் போட்டார். தேன் போதவில்லை என்றார். அதற்கு அடுத்ததை வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, இதில் ஒரு முடி கிடக்கிறது என்றார். அது உண்மை. சித்தி வெட்கப்பட்டுக்கொண்டே தன் முடியை எடுத்துவிட்டாள். முடி இல்லாத உருண்டையின் ருசி எப்படி இருக்கிறது பார்ப்போம் என்று அதையும் விழுங்கினார்.

"இன்னொன்று எடுத்துக்கொள்ளட்டுமா?"

குட்டிகள் தலையைக் குனிந்தார்கள்.

"வாய் திறக்கவில்லை என்றால் சம்மதம்" என்றார் நரியார்.

பொடிச்சி மட்டும் மெதுவாகப் பின்னால் நகர்ந்தாள். தன் உருண்டையை இலையோடு முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டாள். ஆனால் அவள் சிறியவள், உருண்டை பெரியது. இரண்டு பக்கமும் தெரிந்தது.

நரியாரின் கை பாதியில் நின்றது.

"அங்கே என்ன ஒளித்து வைத்திருக்கிறாய், பாப்பா?"

"இது என்னுடையது" என்றாள் பொடிச்சி.

சித்தி இலையைப் பார்த்தாள். அதில் இன்னும் பாதிக்கு மேல் உருண்டைகள் இருந்தன. நரியாரைப் பார்த்தாள். பிறகு, கழுவியும் இன்னும் பிசுபிசுவென்றிருந்த தன் விரலைப் பார்த்தாள். அவளுக்கு ஒன்று தோன்றியது.

"அண்ணே, அது வேண்டாம்" என்றாள். "அது குழந்தை பிடித்தது. மூக்குச்சளிப் பழம் அதிகமாகிவிட்டது. காயவே இல்லை. வாயில் ஒட்டிக்கொள்ளும்."

அத்தனையும் உண்மை. சொன்னால் நரியார் கேட்க மாட்டார் என்பது சித்திக்குத் தெரியும். அதனால்தான் சொன்னாள்.

நரியார் சிரித்தார். சின்னச் சின்ன உருண்டைகளை முன்னால் வைத்து, நல்லதைப் பின்னால் ஒளித்து வைப்பதா, முப்பாட்டன் காலத்திலிருந்து நாங்கள் செய்கிற வேலையை எங்களிடமே காட்டுகிறாயா, தங்கச்சி என்று கேட்டார்.

"இன்னொரு தரம் சொல்லிவிடுகிறேன், அண்ணே. நிழல் பாறையைத் தொடும்வரை பொறுங்கள்."

"தொடுவதற்குள் நான் அதைத் தொட வேண்டும்" என்றார் நரியார்.

சித்தி பொடிச்சியிடம் குனிந்து, காதில் ஏதோ சொன்னாள். என்ன சொன்னாள் என்பது மற்ற யாருக்கும் கேட்கவில்லை. பொடிச்சி உருண்டையைப் பார்த்தாள். பிறகு இலையை முன்னால் நீட்டினாள்.

நரியார் அந்தப் பெரிய உருண்டையை முழுசாக வாயில் போட்டு, மேல் பல்லும் கீழ்ப் பல்லும் சந்திக்கும்படி ஒரே கடியாகக் கடித்தார்.

சந்தித்த பற்கள் பிரியவில்லை.

நரியார் தாடையைத் தூக்கிப் பார்த்தார். இறக்கிப் பார்த்தார். காதுகள் அசைந்தன. புருவம் ஏறி இறங்கியது. வாய் மட்டும் அசையவில்லை. மூக்கு வழியாக ஒரு சத்தம் வந்தது. அவ்வளவுதான்.

"மாமா, எள் தூக்கலா?" என்று குதியன் கேட்டான்.

"ம்ம்ம்" என்றார் நரியார்.

"தேன் போதவில்லையா?" என்று கோடன் கேட்டான்.

"ம்ம்ம்ம்ம்" என்றார் நரியார்.

கூரானுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. அவன் முட்கள் எல்லாம் சலசலவென்று ஆடின. சித்தி அவனை ஒரு பார்வை பார்த்தாள். விருந்தாளியைப் பார்த்துச் சிரிக்கக் கூடாது.

நிழல் நகர்ந்தது. மெல்ல மெல்ல நீண்டு, வெள்ளைப் பாறையைத் தொட்டது. தாய் தகப்பன்மார் ஒவ்வொருவராக வந்து சேர்ந்தார்கள். நரியார் இலைக்கு எதிரே கல்லைப் போல உட்கார்ந்திருப்பதையும், இலையில் உருண்டைகள் மீதி இருப்பதையும் பார்த்து எல்லோரும் ஆச்சரியப்பட்டார்கள். இப்படி அவர்கள் பார்த்ததே இல்லை.

சித்தி எழுந்து நின்றாள். வழக்கப்படி எல்லார் முன்னிலையிலும் உரத்துக் கேட்டாள்.

"அண்ணே, பலகாரத்தை ருசி பார்த்துவிட்டீர்கள். குறை ஏதாவது உண்டா?"

நரியார் பேசவில்லை.

"மறுபடியும் கேட்கிறேன், அண்ணே. குறை உண்டா?"

நரியார் கழுத்து நரம்பு புடைக்க முயன்று பார்த்தார். பேச்சு வரவில்லை. கடைசியில் தலையை இப்படியும் அப்படியுமாக வேகமாக ஆட்டினார்.

"ஏன் தலையை ஆட்டுகிறார்?" என்று கேட்டாள் குரங்குத் தாய்.

"ருசியில் சொக்கிப்போய்த் தலையாட்டுகிறார்" என்றார் முள்ளம்பன்றியின் அப்பா. அவர் முகத்தில் ஒரு சிரிப்பும் இல்லை.

அப்போது கோடன் முன்னால் வந்தான். கன்னத்தில் அடக்கியிருந்த எள்ளை முதலில் விழுங்கினான். அவன் இதுவரை பெரியவர்கள் நடுவில் பேசியவன் இல்லை.

"வாய் திறக்கவில்லை என்றால் சம்மதம்" என்றான். "காட்டு வழக்கம். நரி மாமாதான் சொன்னார்."

ஆமாம், சொன்னார் என்று குட்டிகள் எல்லாம் ஒரே குரலில் சாட்சி சொன்னார்கள். ஒவ்வொரு தடவையும் சொன்னார் என்றான் குதியன். குளத்துக் கொக்கு ஒற்றைக் காலில் நின்றபடி, தன் காதாலும் கேட்டதாகச் சொன்னது.

அப்புறம் என்ன? இலையைச் சுற்றிக் கைகள் பாய்ந்தன. குதியன் ஒன்றை வாயிலும் ஒன்றைக் கன்னத்திலும் வைத்துக்கொண்டான். கோடன் ஒன்றை மண்ணில் புதைத்துவிட்டு, புதைத்த இடத்தை அப்போதே மறந்துபோனான். கூரானின் முதுகில் தப்பித்தவறி ஒட்டியிருந்த ஒன்றை அவன் அப்பா எடுத்துத் தின்றார். நரியாரின் கண்ணெதிரே, மூக்குக்கு நேரே, இவ்வளவும் நடந்தது. தேன் வாசனை அவர் மூக்கில் ஏறியது. எச்சில் ஊறியது. அதை வெளியே விடக்கூட அவருக்கு வழியில்லை. எழுந்து போய்க் குளத்தில் முகத்தை அமிழ்த்திக்கொண்டு நின்றார்.

பொடிச்சி எதையும் எடுக்கவில்லை. நீயும் எடுத்துக்கொள் என்று எல்லோரும் சொன்னார்கள். குரங்குத் தாய் ஒன்றை அவள் கையிலேயே வைத்தாள். அவள் அதைக் கூரானிடம் கொடுத்துவிட்டாள். தனக்குத் தன் கையால் பிடித்த உருண்டைதான் வேண்டும் என்றாள்.

சித்தி அவள் காதில் சொன்னது அதைத்தான்: கொடுத்துவிடு, உனக்கு வேறொன்று நீயே பிடிக்கலாம்.

பாறைக் குழியில் ஒட்டியிருந்த மாவைச் சித்தி வழித்தாள். சுரைக்குடுக்கையைத் தலைகீழாகக் கவிழ்த்துத் தட்டினாள். கடைசித் தேன், யோசித்து யோசித்து, ஒரு சொட்டாக விழுந்தது. பழம் இல்லை. அதனால் பொடிச்சி வெகுநேரம் அழுத்தி அழுத்திப் பிடிக்க வேண்டியிருந்தது. உருண்டை ஒரு பக்கம் சப்பையாக, நெல்லிக்காய் அளவில் வந்தது. அதை இலையில் வைத்தாள். பக்கத்தில் உட்கார்ந்துகொண்டாள்.

மற்றவர்கள் தின்று முடித்து, விரல்களைச் சூப்பி, விளையாடப் போய்விட்டார்கள். அவள் காத்திருந்தாள். தொட்டுப் பார்த்தாள். ஒட்டியது. காத்திருந்தாள். மறுபடி தொட்டுப் பார்த்தாள். கொஞ்சம்தான் ஒட்டியது.

வெயில் இறங்குகிற நேரத்தில் அவள் விரல் ஒட்டாமல் வந்தது.

அதே நேரத்தில் குளத்திலிருந்து நரியாரும் வந்தார். தண்ணீரில் ஊறி ஊறி வாய் ஒருவழியாகத் திறந்துவிட்டது. முகமெல்லாம் சொட்டச் சொட்ட நின்றார். இலையில் ஒன்றே ஒன்று மீதி இருப்பதைப் பார்த்தார். இத்தனை காலமும் அவர் வாயிலிருந்து வராத வார்த்தை அப்போது தானாக வந்தது.

"குறையே இல்லை, பாப்பா" என்றார். "எள் அளவாக இருக்கிறது. தேனும் அளவாக இருக்கிறது. முடி இருந்தால்கூட நன்றாகத்தான் இருக்கும். அந்த ஒன்றை நான் எடுத்துக்கொள்ளட்டுமா?"

சித்தி வாய் திறக்கவில்லை. ஆனால் அது சம்மதம் இல்லை. அது பொடிச்சியின் உருண்டை. பதிலும் பொடிச்சிதான் சொல்ல வேண்டும்.

பிறர் கைவேலையில் குறை சொல்லியே வயிறு வளர்ப்பவன், ஒரு நாள் தன் வாயாலேயே மாட்டிக்கொள்வான். கதையின் நீதி இதுதான். விடுகதைக்கு விடையும் இதற்குள் கிடைத்திருக்கும்.

பொடிச்சி நரியாரைப் பார்த்தாள். உருண்டையைப் பார்த்தாள். எடுத்துத் தன் வாயில் போட்டுக்கொண்டாள்.